கம்லேஷ் பேரில் முப்பத்தொரு நாள்

2019 பிப்ரவரி 4

வேலை உண்டு.

மேல்தொட்டி கழுவும் நாள். உள்ளே இறங்கினால் முழங்கால் வரைக்கும் தண்ணீர். தவுலாதார் மலைப் பனி நேராக உருகி வந்து நிற்கிற தண்ணீர். பிளீச்சிங் பவுடர் நெடியில் கண்ணும் போச்சு, மூக்கும் போச்சு. இருபத்தோரு வருஷமாக இதற்குள் இறங்கித் தேய்க்கிறேன். இந்தத் தொட்டிக்கு என்னை இன்னும் பிடிக்கவில்லை.

வெளியே ஏறி வந்தபோது பம்ப் அறை வாசலில் இரண்டு பேர் நாடா பிடித்து அளந்துகொண்டிருந்தார்கள். பளபளவென்று பூட்ஸ். "யாருப்பா நீங்க? பம்ப் ரூமுக்குச் சட்டை தைக்கப் போறீங்களா?" என்று கேட்டேன். ஒருத்தன்கூடச் சிரிக்கவில்லை. கதவு, ஜன்னல், மோட்டார் எல்லாவற்றையும் தாளில் குறித்துக்கொண்டார்கள். கடைசியில் என்னையும் மேலும் கீழும் பார்த்து ஏதோ குறித்துக்கொண்டு போனார்கள்.

இவரிடம் சொன்னேன். தையல் மெஷினிலிருந்து தலையை நிமிர்த்தாமலே, "சட்டைன்னா இந்த துனி சந்த் கடைக்கு அனுப்பி வை" என்றார். எதையும் தைத்துவிடலாம் என்று நினைக்கிற மனுஷன்.

பிப்ரவரி 5

வேலை உண்டு. கால் விரல் இன்னும் மரத்துத்தான் கிடக்கிறது.

பிப்ரவரி 11

வேலை உண்டு.

எங்கள் ஜூனியர் இன்ஜினியர், ஜே.இ., எங்கள் எட்டுப் பேரையும் கூப்பிட்டு நிற்க வைத்துச் சொன்னார். அக்டோபர் ஒன்றாம் தேதி முதல் இந்தக் குடிநீர்த் திட்டம் காண்டிராக்டர் கைக்குப் போகிறதாம். நிரந்தரம் ஆனவர்களைத் துறை வேறு இடத்தில் போட்டுக்கொள்ளும். "தினக்கூலிய என்ன பண்றதுன்னு காண்டிராக்டர் பார்த்துப்பார்" என்றார். ஏழு தலைகள் என் பக்கம் திரும்பின. தினக்கூலி என்று மிச்சம் இருப்பது நான் ஒருத்திதானே.

1998 முதல் 2007 வரை பத்து வருஷம், ஒவ்வொரு வருஷமும் 240 நாள் வேலை செய்தவர்களுக்கு நிரந்தரம் என்று ஒரே ஒரு தடவை கதவைத் திறந்தார்கள். அந்தப் பட்டியல் வெளியே வரவே 2016 ஆனது. ஏழு பேர் உள்ளே போனார்கள். என்கூட வால்வு பார்க்கிற கம்லேஷும் போனாள். என் பேருக்கு நேரே ஒன்பது வருஷம் சரி. 2006க்கு மட்டும் 212.

இருபத்தெட்டு நாள் குறைவு. அந்த இருபத்தெட்டு நாளுக்காகத்தான் தொழிலாளர் கோர்ட்டில் கேஸ். அதே தொட்டி, அதே வால்வு, அதே வேலை. அவர்களுக்குப் பென்ஷன் வரும். எனக்கு முட்டிவலி வரும். ஐம்பது வயசாகிவிட்டது. அக்டோபருக்குள் தீர்ப்பு வராவிட்டால் — வேண்டாம், அதை எழுத மாட்டேன்.

பிப்ரவரி 20

வேலை இல்லை. கோர்ட்.

என் வாயைத் தைத்துவிட இவரிடம் சொல்ல வேண்டும்.

நடந்தது இதுதான். 2006 வருகைப் பதிவேட்டை, மஸ்டர் ரோலை, கொண்டுவா என்று நீதிபதி போன தடவையே கேட்டிருந்தார். பாதிக்குமேல் கரையான் தின்றுவிட்டது, மொத்தக் கணக்கு எழுதிய ஒரு தாள்தான் மிஞ்சியது என்று இன்று துறை வக்கீல் சொன்னார். அந்தத் தாளில்தான் என் 212. என் வக்கீல் சுதர்ஷனா கட்டோச் எழுந்து வாதாட வாயைத் திறந்தார். அதற்குள் நான் முந்திக்கொண்டேன். "உங்க ரிஜிஸ்டரைத்தான் கரையான் தின்னுச்சு சாகிப், என் டைரியத் தின்னல! வேலைக்குச் சேர்ந்த நாள்லருந்து ஒரு நாள் விடாம எழுதி வச்சிருக்கேன்!"

கோர்ட்டே சிரித்தது. நீதிபதியும் சிரித்தார். அடுத்த தடவை வரும்போது 2006 டைரியைக் கொண்டு வரச் சொன்னார்.

வெளியே வந்ததும் வக்கீலம்மாவுக்குத் தலைகால் புரியவில்லை. "இத்தனை நாளா இதை ஏம்மா சொல்லல? நீ சத்தியம் பண்ணி டைரியையும் காட்டிட்டா, அதைப் பொய்னு நிரூபிக்க வேண்டியது அவங்க பாடு. அவங்ககிட்ட என்ன இருக்கு? கரையான்தான் இருக்கு" என்று என் முதுகில் தட்டினார். சமோசா வாங்கித் தந்தார்.

பஸ்ஸில் ஜன்னலோரம் கிடைத்தது. மூன்றாவது வளைவில்தான் அந்த டைரிக்குள் என்ன எழுதியிருக்கிறேன் என்பது நினைவுக்கு வந்தது. தின்ற சமோசா தொண்டைக்கே திரும்பி வந்தது.

எங்கள் கூட்டத்தில் நாள் கொடுப்பது என்று ஒரு வழக்கம் இருந்தது. ஒருத்திக்குப் பிரசவம், ஒருத்தனுக்குக் கை ஒடிந்தது என்றால் அவர்கள் 240 குறைந்துவிடக் கூடாதே. நாள் மிச்சம் இருக்கிறவர்கள் போய் வேலை செய்வார்கள், மேஸ்திரி லேக் ராம் படுத்திருக்கிறவர் பேரில் வருகை போடுவார். கொடுத்தவருக்கு அன்றைக்கு ஆப்சென்ட். கூலி கைமாறிவிடும், நாள் மட்டும் அங்கே தங்கிவிடும். யாரும் இதைத் தப்பு என்று நினைத்ததில்லை. கடுகெண்ணெய் கடன் கொடுக்கிற மாதிரிதான் நினைத்தோம்.

2006 பிப்ரவரியில் கம்லேஷுக்குப் பிரசவம். முப்பத்தொரு நாள் கொடுத்தேன். கணக்குப் போட்டுத்தான் கொடுத்தேன், மீதி நாள் எனக்குத் தாராளமாக வரும் என்று. அக்டோபரில் "பிரேக்" என்று சொல்லி ஜே.இ. எங்களை வீட்டுக்கு அனுப்புவார் என்று யார் கண்டது? 212 இல் நின்றேன்.

டைரியைக் காட்டினால் என் 2006 சரியாகும். 212ம் 31ம் 243. ஆனால் அந்த முப்பத்தொரு பக்கத்திலும் என் கையெழுத்தில் "வேலை உண்டு — கம்லேஷ் பேரில்" என்றுதானே இருக்கிறது. அவளுடைய 2006 இடிந்து விழும். அதோடு அவள் வேலையும் விழும். பொய் வருகை என்று கேஸ்கூடப் போடுவார்கள். லேக் ராம் இரண்டு குளிர்காலத்துக்கு முன்னால் போய்ச் சேர்ந்தார். அவரை யாரும் ஒன்றும் செய்ய முடியாது. புண்ணியவான்.

பிப்ரவரி 21

வேலை உண்டு.

சம்பளத் தாளில் கையெழுத்துப் போடக் கோட்ட அலுவலகம் போனேன். பியூன் எழுந்து எனக்கு நாற்காலி போட்டான். இருபத்தோரு வருஷத்தில் முதல் தடவை. "உக்காருங்க ரத்னிஜி, டீ சொல்லட்டுமா?" என்கிறான். ஜி-யாம்! நின்றுகொண்டே கையெழுத்துப் போட்டுவிட்டு ஓடி வந்தேன்.

மார்ச் 3

ஞாயிறு. வேலை இல்லை.

கம்லேஷ் வந்தாள். துணிப்பை நிறைய அக்ரூட். அவள் வீட்டு மரத்துக் காய் என்றால் எனக்கு உயிர் என்று அவளுக்குத் தெரியும். முற்றத்தில் உட்கார்ந்து ஒவ்வொன்றாக உடைத்துப் பருப்பை என் பக்கம் தள்ளிக்கொண்டே இருந்தாள். பேச்சு வரவில்லை. எனக்கே பொறுக்கவில்லை.

"என்னடி, வாய்ல அக்ரூட்டா அடைச்சிருக்க?"

"தீதி, அந்த டைரி…"

"ம்."

"முழுசா வேணாம்னு சொல்லல. அந்த முப்பத்தொரு பக்கத்த மட்டும்…" கையால் கிழிக்கிற மாதிரி காட்டினாள்.

எனக்கு எங்கிருந்து அப்படி வந்தது என்று தெரியவில்லை. "அந்த முப்பத்தொரு நாள்தான்டி என் கேஸே! அதக் கிழிச்சுட்டு அட்டைய மட்டும் நீதிபதிகிட்ட நீட்டவா? உனக்குப் புள்ள பொறந்துச்சு, நான் பனியில வால்வு திருப்பினேன். நீ நிரந்தரம், நான் தெருவுல. இன்னும் என்னடி வேணும் உனக்கு, என் தோலா?" என்று கத்தினேன்.

"உங்க கால் ஒடிஞ்ச வருஷம்—" என்று ஆரம்பித்தாள்.

"பேச்ச மாத்தாத!"

எழுந்து போய்விட்டாள். பையை விட்டுவிட்டுப் போனாள். நான் அதைத் தொடவில்லை. இவர்தான் எடுத்துத் தின்றார்.

மார்ச் 4

வேலை உண்டு. கம்லேஷும் வந்தாள். அவள் கீழ்வால்வில், நான் மேல்தொட்டியில். பேசவில்லை.

மார்ச் 5

வேலை உண்டு. பேசவில்லை.

மார்ச் 18

வேலை உண்டு.

சாயங்காலம் இவர் சொன்ன விஷயம் நெஞ்சில் கல்லாகக் கிடக்கிறது. இரண்டு பேர் பேண்ட் தைக்க என்று கடைக்கு வந்தார்களாம். அளவு கொடுத்தார்களாம். "வீட்டம்மா நிறைய எழுதுவாங்களாமே, எங்க வச்சிருக்காங்க அவ்வளவையும்?" என்று சிரித்துக்கொண்டே கேட்டார்களாம். "பூட்ஸ் எப்படி இருந்துச்சு?" என்று கேட்டேன். "பளபளன்னு" என்றார். துணி தராமலே போய்விட்டார்களாம்.

அளவை மட்டும் எழுதி வைத்திருக்கிறார் இவர். பைத்தியக்கார மனுஷன்.

மார்ச் 24

பெட்டியைத் திறந்தேன். கூட்டுறவு வங்கி வருஷா வருஷம் கொடுக்கிற பச்சை டைரிகள், இருபத்தொன்று. 2006ஐ எடுக்கப் போனவள், கம்லேஷ் சொன்னது உறுத்தியதால் 2003ஐ எடுத்தேன்.

ஆகஸ்டு 9இல் பாறையில் வழுக்கிக் கால் ஒடிந்தது, எழுதியிருக்கிறேன். அடுத்த நாளிலிருந்து ஒவ்வொரு பக்கத்திலும் ஒரே வரி. "கம்லேஷ் வந்தாள், என் பேரில்." "கம்லேஷ், என் பேரில்." எண்ணினேன். இருபத்து நான்கு.

அந்த வருஷம் என் கணக்கில் 251 நாள். அவளுடைய இருபத்து நான்கைக் கழித்தால்?

முதலில் கொடுத்தவளே அவள்தான். 2006இல் நான் தானம் ஒன்றும் செய்யவில்லை, வாங்கியதைத் திருப்பித்தான் தந்தேன். கொடுத்தது மட்டும் பதின்மூன்று வருஷம் மனப்பாடமாக இருந்திருக்கிறது. வாங்கியது ஒரு வரிகூட நினைவில்லை. தூ, ரத்னி! உன் தோலா வேண்டும் என்று கேட்டாயே அவளை!

அடுப்பில் ரொட்டி கருகியது. இவர் கருகலையும் தின்றுவிட்டார்.

ஏப்ரல் 2

வேலை உண்டு.

முடிவு செய்துவிட்டேன். டைரியைக் காட்ட மாட்டேன்.

எரிக்க மனசு வரவில்லை. இவரிடம் முழுக் கதையையும் சொன்னேன். கொஞ்ச நேரம் ஊசியில் நூல் கோத்துக்கொண்டே இருந்தார். பிறகு பழைய ரஜாய்ப் போர்வையின் ஒரு பக்கத்தைப் பிரித்து, 2006ஐ பஞ்சுக்கு நடுவே வைத்துத் தைத்துவிட்டார். "வெயில் காலத்துக்கு ரஜாயை யாரும் தேட மாட்டான்" என்றார். தையல் எங்கே என்று எனக்கே தெரியவில்லை.

"கம்லேஷ்கிட்ட ஒரு வார்த்தை சொல்லிடு ரத்னி" என்றும் சொன்னார்.

சொல்ல மாட்டேன். கோர்ட்டில் வைத்துத் தெரிந்துகொள்ளட்டும். அக்ரூட் கொடுத்தா என்னை வாங்கப் பார்த்தாள்? தானாகவே செய்தேன் என்று அன்றைக்குத் தெரியட்டும்.

ஏப்ரல் 12

வக்கீலம்மாவிடம், போன மழைக்காலத்தில் பெட்டி நனைந்து டைரி கூழாகிவிட்டது என்று சொன்னேன். என் முகத்தையே பார்த்தார். நான் ஜன்னலைப் பார்த்தேன்.

"சரி. டைரி இல்லேன்னா வேற வழி. அந்த இருபத்தெட்டு நாளும் துறையே 'வராதே'ன்னு நிறுத்தினதா? வேலை இருந்தும் வேணும்னே நடுவுல நிறுத்தினா, அதையும் வேலை செஞ்ச நாளாத்தான் கோர்ட்டு எடுத்துக்கும். தான் செஞ்ச தப்புல துறை லாபம் பார்க்க விடாது. சொல்லு, நிறுத்தினாங்களா?"

அக்டோபரில் நிறுத்தியது உண்மை, ஆனால் அது பத்து நாள்தான். போதாது. "பிப்ரவரி, மார்ச்லயும் நிறுத்தினாங்க. முப்பத்தொரு நாள்" என்று சொன்னேன். வாயில் வந்தது, சொன்னேன். அதில் கம்லேஷ் பேர் எங்கும் இல்லை. எவ்வளவு சுலபமாக வந்தது!

"இதைச் சத்தியம் பண்ணிச் சொல்வியா?"

"சொல்றேன்."

ஏப்ரல் 26

வேலை இல்லை. கோர்ட்.

கூண்டில் ஏறிச் சத்தியம் செய்தேன். டைரி மழையில் போனது. 2006 பிப்ரவரி, மார்ச்சில் முப்பத்தொரு நாள் ஜே.இ. வரவேண்டாம் என்றார், வீட்டில் இருந்தேன். எல்லாம் சொன்னேன்.

துறை வக்கீல் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே, "அந்த நாள்ல நீ வேலைக்கு வரவே இல்ல? நிச்சயமா?" என்று கேட்டார். "ஒரு நாள்கூட வரல சாகிப்" என்றேன். குரல் ஆடவில்லை. அவர் அதற்குமேல் கேட்கவில்லை. "போதும்" என்று உட்கார்ந்துவிட்டார். ஏன் அவ்வளவு சீக்கிரம் உட்கார்ந்தார்?

வக்கீலம்மா மட்டும் சந்தோஷமாக இருந்தார். "நல்லா சொன்ன. மஸ்டர் ரோல் இல்லாம இதை அவங்களால உடைக்க முடியாது. பாதிக் கிணறு தாண்டியாச்சு."

மே 9

வேலை உண்டு.

பைப் வாங்கக் கோட்ட அலுவலகம் போயிருந்தேன். உள்ளறையில் துறை வக்கீலும் ஜே.இ.யும். எதிரே கம்லேஷ். நாற்காலி போட்டு உட்கார வைத்திருந்தார்கள். கையில் டீ கிளாஸ். என்னைப் பார்த்ததும் கிளாஸைக் கீழே வைத்தாள். யாரோ கதவைச் சாத்தினார்கள்.

எனக்குப் போட்ட அதே நாற்காலி.

மே 10

வேலை உண்டு. துறை தரப்புச் சாட்சி கம்லேஷாம். வக்கீலம்மா போனில் சொன்னார். "அந்த வருஷம் உன்கூட வேலை செஞ்சவளாச்சே. யாரையும் நிறுத்தல, நீயாத்தான் வரலன்னு சொல்ல வைப்பாங்க. உனக்கும் அவளுக்கும் ஏதாவது தகராறா?"

இல்லை என்றேன்.

மே 22

வேலை உண்டு. கீழ்வால்வுப் பக்கம் இரண்டு தடவை போனேன். ஒன்றும் சொல்லாமல் திரும்பினேன். அவள் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றாள். "நினைவில்லை" என்று சொன்னால் போதுமடி. ஒரே வார்த்தை. நான் உன்னைக் காப்பாற்றிவிட்டேன் என்று உனக்குத் தெரியாதே. நாளைக்குச் சொல்கிறேன்.

மே 23

வேலை உண்டு. சொல்லவில்லை. அவளே வரட்டும்.

ஜூன் 14

கோர்ட்.

எழுதித்தான் ஆகணும்.

கம்லேஷ் கூண்டில் ஏறினாள். கல்யாணத்துக்குக் கட்டுகிற நீல துப்பட்டா. முகத்தில் ரத்தமே இல்லை. துறை வக்கீல் சர்க்கரையாகப் பேசினார். "2006 பிப்ரவரி, மார்ச்ல ஜே.இ. சாகிப் யாரையாவது வேலைக்கு வராதேன்னு சொன்னாரா?"

"இல்ல."

சொல்லிவிட்டாள், பாவி, என்று நினைத்தேன்.

"அப்போ ரத்னி தேவி அந்த நாள்ல தானாத்தான் வேலைக்கு வரல. அப்படித்தானே?"

கம்லேஷ் என் பக்கம் திரும்பினாள். மார்ச்சுக்குப் பிறகு அன்றைக்குத்தான் என் முகத்தைப் பார்த்தாள்.

"தீதி ஒரு நாள்கூட விடாம வந்தாங்க. எனக்குப் பிரசவம். என் வேலைய அவங்கதான் செஞ்சாங்க. என் பேர்ல வருகை விழுந்துச்சு. அந்த முப்பத்தொரு நாளும் அவங்க நாள். என் நாள் இல்ல."

நான் எழுந்துவிட்டேன். உக்காரு உக்காருன்னு வக்கீலம்மா என் துப்பட்டாவ இழுக்கறாங்க. அடி கம்லேஷ், என்னடி பண்ணிட்ட! ஏன்டி!

துறை வக்கீல் கண்ணாடியைக் கழற்றவே இல்லை. சிரித்தார். "கனம் நீதிபதி அவர்களே, மனுதாரர் ஒரு நாளும் வரலன்னு சத்தியம் பண்ணியிருக்காங்க. சாட்சி ஒரு நாள் விடாம வந்தாங்கன்னு சத்தியம் பண்றாங்க."

நீதிபதி என்னைக் கேட்டார். "அம்மா, நீங்க சொன்னது பொய்யா, இவங்க சொல்றது பொய்யா?"

நான் சொன்னது பொய் என்றால் பொய்ச் சத்தியம் செய்தவள் நான். இவள் சொல்வது பொய் என்றால், இத்தனை பேர் நடுவில் உண்மையைச் சொன்ன ஒரே ஒருத்தியைப் பொய்க்காரி ஆக்குகிறேன்.

ஊரையே வாயால் அளக்கிறவள் நான். ஒரு சொல் வரவில்லை.

வாசலில் கம்லேஷ் என் கையைப் பிடித்தாள். "நீங்க டைரியக் காட்டியிருப்பீங்கன்னு நெனச்சேன் தீதி. நானும் அதையே சொன்னா ரெண்டும் ஒண்ணா இருக்குமேன்னு… உங்க வேலையாவது நிக்கும்னு…"

"நான் காட்டலடி" என்றேன். ஆஸ்பத்திரியில் நிற்கிறவர்கள் மாதிரி பஸ் ஸ்டாண்டு வரைக்கும் கையைப் பிடித்துக்கொண்டே நடந்தோம்.

ஜூன் 15

வேலை உண்டு. பாதி நாள் போட்டுவிட்டு வக்கீலம்மாவைப் பார்க்கப் போனேன். எல்லாவற்றையும் சொன்னேன். கம்லேஷும் கூட வந்தாள்.

வக்கீலம்மா கோபத்தில் பேனாவை மேஜையில் எறிந்தார். "ரெண்டு பேரும் தனித்தனியா புண்ணியம் தேடினீங்க. நீ சொன்ன பொய் மட்டும் நின்னிருந்தா ஜெயிச்சிருப்போம். இவ சொன்ன உண்மையும் உன் டைரியும் சேர்ந்திருந்தாலும் ஜெயிச்சிருப்போம். ரெண்டையும் எதிரெதிரா நிறுத்திட்டீங்களே!"

பிறகு கம்லேஷைப் பார்த்துக் கேட்டார்.

"பிரசவத்துக்கு லீவு கேட்டியா?"

கம்லேஷ் சிரித்துவிட்டாள். "தினக்கூலிக்கு ஏதும்மா லீவு?"

"உண்டு. மஸ்டர் ரோல் பொம்பளைங்களுக்கும் பிரசவ விடுப்பு உண்டுன்னு பெரிய கோர்ட்டு சொல்லி, உனக்குப் புள்ள பொறந்தப்பவே ஆறு வருஷம் ஆயிருந்துச்சு. நீ வீட்டுல படுத்திருந்தாலே அது உன் நாளா நின்னிருக்கும். சண்டை போட்டாவது வாங்கியிருக்கலாம். யாரும் யாருக்கும் நாள் குடுத்திருக்க வேண்டியதே இல்ல."

மேலே மின்விசிறி கடகடவென்று ஓடியது. கம்லேஷ் என்னைப் பார்த்தாள். நான் தரையைப் பார்த்தேன். முப்பத்தொரு நாள். பிப்ரவரிப் பனியில் வால்வுச் சாவி உள்ளங்கையில் ஒட்டிக்கொள்ளும், தோலோடு பிய்த்து எடுப்பேன்.

ஏன் ஒருத்தரும் சொல்லல? லேக் ராமுக்குத் தெரியாது. ஜே.இ.க்குமா தெரியாது?

ஜூலை 5

கோர்ட்.

இவர் ரஜாயைப் பிரித்து டைரியை எடுத்துத் தந்தார். அதை எடுத்துக்கொண்டு போனோம். அட்டையில் பஞ்சு ஒட்டியிருந்தது. வக்கீலம்மா தலைகீழாக நின்று வாதாடினார்.

நீதிபதி புரட்டக்கூட இல்லை. "மழையில கூழாயிடுச்சுன்னு சத்தியம் பண்ணின டைரி, இப்போ காய்ஞ்சு வந்திருக்கா?" என்று கேட்டார். துறை வக்கீல், "போன வாரம் எழுதின மையாக்கூட இருக்கலாம்" என்றார்.

இந்தத் தடவையும் கோர்ட் சிரித்தது.

ஜூலை 6

வேலை உண்டு.

ஆகஸ்டு 19

வேலை உண்டு. கம்லேஷுக்குத் துறை நோட்டீஸ் வந்துவிட்டது. பொய் வருகை காட்டி நிரந்தரம் பெற்றது ஏன் என்று பதினைந்து நாளில் விளக்கம் கொடுக்க வேண்டுமாம். பதில் எழுத என்னிடம்தான் வந்தாள். "நீங்கதான் நல்லா எழுதுவீங்க தீதி" என்றாள். குத்திக் காட்டவில்லை, நிஜமாகத்தான் சொன்னாள். பிரசவ விடுப்பு பற்றி வக்கீலம்மா சொன்னதை எழுதினேன். மூன்று தாள்.

செப்டம்பர் 17

சைர், அறுவடைப் பண்டிகை. புது மக்காச்சோளமும் அக்ரூட்டும் வைத்துக் கும்பிட்டோம்.

தபால்காரர் பண்டிகையன்றும் வந்தார். என் மனு தள்ளுபடி. மனுதாரர் சத்தியத்தின்பேரில் சொன்னது நம்பத்தக்கதல்ல, 2006இல் 240 நாள் வேலை செய்ததாக நிரூபிக்கவில்லை. மேல்கோர்ட்டுக்குப் போகலாம் என்கிறார் வக்கீலம்மா. போகலாம். எத்தனை வருஷம் ஆகுமோ.

மத்தியானம் கம்லேஷ் வந்தாள். அவள் கையிலும் ஒரு கவர். பணிநீக்கம். நாங்கள் எழுதிய மூன்று தாளைப் பற்றி அதில் ஒரு வார்த்தை இல்லை. இருவரும் முற்றத்தில் உட்கார்ந்து அக்ரூட் உடைத்தோம். இந்தத் தடவை நானும் தின்றேன்.

அக்டோபர் 1

காண்டிராக்டர் வந்துவிட்டார். இரண்டு பேரையும் எடுத்துக்கொண்டார், பழகின கைகளாம். பளபள பூட்ஸ்காரர்களில் ஒருத்தன்தான் சூப்பர்வைசர். பம்ப் அறைக் கதவில் புதுப் பூட்டு. சுவரில் ஒரு சின்ன இயந்திரம் மாட்டியிருக்கிறார்கள். காலையில் கட்டைவிரலை வைத்தால் பேரைச் சொல்லி வருகை போடுகிறது. மஸ்டர் ரோல் கிடையாது, மேஸ்திரி கிடையாது.

"இனிமே கரையானுக்குத் தீனி இல்ல" என்று இவர் சிரித்தார். நானும் சிரித்தேன்.

வேலை உண்டு.

டிசம்பர் 3

வேலை உண்டு.

கம்லேஷுக்கு நூற்று மூன்று டிகிரி காய்ச்சல். இவளைப் பார், இந்த நிலையிலும் துப்பட்டாவைத் தலையில் கட்டிக்கொண்டு வேலைக்குக் கிளம்பி என் வீட்டு வாசல் வரைக்கும் வந்துவிட்டாள். "போய்ப் படுடி, நான் பார்த்துக்கறேன்" என்று திருப்பி அனுப்பினேன். பழக்க தோஷத்தில் சொல்லிவிட்டேன்.

இயந்திரத்தில் கட்டைவிரலை வைத்தேன். "ரத்னி தேவி, வருகை" என்றது. எடுத்துத் துடைத்துவிட்டு மறுபடி வைத்தேன். "ரத்னி தேவி, ஏற்கெனவே பதிவாகிவிட்டது" என்றது. பிறகு இடது கை. அதுவும் ரத்னி தேவிதானாம்.

சூப்பர்வைசர் பார்த்துக்கொண்டே நின்றான். "என்ன கெழவி, விரல் மாத்தி மாத்தி வச்சா புது ஆள் வருமா?" என்று கேட்டான்.

மேல்தொட்டி கழுவினேன். கீழ்வால்வு, நடுவால்வு இரண்டையும் திறந்து மூடினேன். அவள் பங்கு வேலை முழுவதையும் செய்தேன். இன்று அது யார் பேரிலும் இல்லை.